நான் கெடுத்த ஷாட்

நான் நடித்த படங்களில் பெரும்பாலானவை இன்று கிடையாது. சில கிடங்கிலேயே தீப்பிடித்து எரிந்தன. சிலவற்றைக் கழுவி வெள்ளி எடுத்தார்கள். மிச்சமிருந்த பிலிமை வளையல் செய்ய வாங்கிப் போனார்கள். ஏதோ ஓர் ஊரில் ஒரு பெண் என் மீசையையும் மூக்கையும் கையில் மாட்டிக்கொண்டு பாத்திரம் தேய்த்திருப்பாள் என்று நினைத்துக்கொள்வேன். ஆகவே என் நடிப்பை நீங்கள் பார்த்திருக்க வழியில்லை. நான் சொல்வதை நம்பித்தான் ஆக வேண்டும். இந்த வயதில் எனக்குக் கிடைத்திருக்கும் சௌகரியம் அது.

புதிதாக நடிக்க வந்திருக்கும் உங்களிடம் ஏதாவது பேசச் சொன்னார்கள். எங்கே நிற்பது, எந்தப் பக்கம் திரும்புவது, அழுகையை எப்படி வரவழைப்பது என்பதையெல்லாம் சொல்லித் தர உங்களுக்கு ஆட்கள் இருக்கிறார்கள். கேமரா ஓடிக்கொண்டிருக்கும், எழுதிக் கொடுத்தது உதவாது, யாரிடமும் யோசனை கேட்க நேரமிருக்காது. அந்த மாதிரி நேரத்தைப் பற்றித்தான் எனக்குப் பேசத் தெரியும். அதில் ஒரு நாளைப் பற்றி இதுவரை வெளியே சொன்னதில்லை. சம்பந்தப்பட்டவர் இப்போது இல்லை என்பதால் சொல்கிறேன். பெயரை மட்டும் கேட்காதீர்கள்.

எங்கள் குடும்பத்துக்கும் நடிப்புக்கும் எந்தச் சம்பந்தமும் கிடையாது. பனங்காட்டுப் பக்கத்திலிருந்து தூத்துக்குடிக்கு வந்து கருப்பட்டிக் கடை போட்டவர் என் அப்பா. பிறகு அது மளிகைக் கடையாக வளர்ந்தது. ஊரில் எல்லோருக்கும் அவர் அண்ணாச்சி. நான் கல்லாவில் உட்காரப் பழகிக்கொண்டிருந்த காலத்தில் மெட்ராஸிலிருந்து ஓர் ஊமைப்படக் கம்பெனி கடல் காட்சி எடுக்க வந்து சேர்ந்தது. அவர்கள் சமையலுக்கு எங்கள் கடைச் சாமான்தான் போயிற்று.

ஒரு நாள் காலையில் அரிசி மூட்டையும் கருப்பட்டிச் சிப்பமும் ஏற்றிக்கொண்டு நான் கடற்கரைக்குப் போனபோது, வில்லனாக நடிக்க வந்தவர் வள்ளத்தின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு வாந்தி எடுத்துக்கொண்டிருந்தார். கரைக்குக் கொண்டுவந்து இறக்கியதும் மணலில் படுத்துவிட்டார். இனிமேல் கடலைக் கண்ணாலும் பார்க்க மாட்டேன் என்றார். டைரக்டர் சுற்றுமுற்றும் பார்த்தார். அப்போது நான் ஆள் வாட்டசாட்டமாக இருப்பேன்.

“நீ இந்த ஊர்தானே? வள்ளத்துல நிப்பியா?” என்று கேட்டார்.

“நிப்பேன் சார்” என்றேன்.

கடல் பார்த்து வளர்ந்தவன்தான். ஆனால் அதுவரை வள்ளத்தில் கால் வைத்ததில்லை. நீச்சலும் தெரியாது. கடைக்காரன் மகனுக்குக் கடலில் என்ன வேலை? இடுப்பில் ஒரு கத்தியைச் சொருகி, கன்னத்தில் ஒரு தழும்பை ஒட்டி, என்னை ஏற்றிவிட்டார்கள். வள்ளம் ஆடியது. எதிரே கதாநாயகன் கத்தியை ஓங்கிக்கொண்டு வந்தார். எனக்கு உயிரே போய்விடும்போல் இருந்தது. பல்லைக் கடித்தேன். கண் பிதுங்கியது. பக்கத்து வள்ளத்தில் கேமராவோடு இருந்த டைரக்டர், “ஆகா! அப்படியே இரு! என்ன கோபம், என்ன கோபம்!” என்று கத்தினார். கரையில் நின்ற எங்கள் கடைக் கணக்குப்பிள்ளை மட்டும், “கோவமா? பய பயந்து சாவுதாம்ல” என்று சொன்னாராம்.

பயமும் கோபமும் கேமராவுக்கு ஒன்று போலத்தான் தெரியும் என்பதை அன்று தெரிந்துகொண்டேன். உள்ளே என்ன நடக்கிறது என்பது பக்கத்தில் நிற்பவனுக்குத்தான் தெரியும். இதை ஒரு வேடிக்கையாகத்தான் அப்போது எடுத்துக்கொண்டேன். அதன் கனம் தெரிய வருஷங்கள் ஆயின.

அந்தக் கம்பெனி என்னை மெட்ராஸுக்கு வரச் சொன்னது. அப்பாவிடம் போய் நின்றேன்.

“கூத்தாடப் போறேன்னு சொல்லுதியா?”

“படம்ப்பா. கூத்து இல்ல.”

“பேரு என்னவா இருந்தா என்ன? மூஞ்சில சாயம் பூசணுமா, வேண்டாமா?”

“பூசணும்.”

“அப்ப கூத்துதான்.”

சொல்லிவிட்டுக் கணக்கு நோட்டைத் திறந்துகொண்டார். தடுக்கவில்லை. நான் ரயிலுக்குக் கிளம்பிய நேரத்தில் தராசின் முன்னால் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு யாருக்கோ மல்லி நிறுத்துக்கொண்டிருந்தார். “போய்ட்டு வாறேம்ப்பா” என்றேன். தராசு முள்ளைப் பார்த்தபடியே தலையை அசைத்தார். நான் நடித்த படங்கள் பிறகு எங்கள் ஊர்க் கொட்டகைக்கும் வந்தன. அவர் ஒன்றுக்கும் போகவில்லை.

ஊமைப்படத்தில் எனக்கு நல்ல காலம்தான். குதிரையில் ஏறினேன், மாடியிலிருந்து குதித்தேன், பெண்களைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். ஒவ்வொரு படத்தின் முடிவிலும் செத்தேன். தெருவில் போனால் குழந்தைகள் ஓடி ஒளியும். பிறகு படம் பேச ஆரம்பித்தது.

பேசும் படத்துக்கு ஆள் எடுத்தபோது எனக்கும் ஒரு சோதனை வைத்தார்கள். ‘மன்னா, எதிரி வருகிறான்’ என்பது வசனம். மைக்கைப் பார்த்ததும் நாக்கு தூத்துக்குடிக்கே போய்விட்டது. “மன்னா, எதிரி வாரான்” என்றேன். ஒலிப்பதிவு செய்கிறவர் காதில் மாட்டியிருந்ததைக் கழற்றிவிட்டுச் சிரித்தார். அடுத்துப் பாடச் சொன்னார்கள். பாடினேன். அதற்கு யாருமே சிரிக்கவில்லை. அதிலேயே என் கதி எனக்குத் தெரிந்துவிட்டது.

நெடுங்காலம் சும்மா இருந்தேன். என்னோடு ஊமைப்படத்தில் இருந்தவர்களில் ஒருவர் பஸ் ஓட்டப் போனார். ஒருவர் என்ன ஆனார் என்றே தெரியவில்லை. என்னை மறுபடி உள்ளே கொண்டுவந்தவர் ஒரு நடிகை. நாடகக் கம்பெனிகளில் ராணியாக நின்று ஊர் ஊராகக் கைதட்டல் வாங்கியவர். மதுரைப் பக்கத்துக்காரர். நான் அவரைப் பார்த்தபோது அம்மா வேஷங்களுக்கு வந்துவிட்டிருந்தார். எல்லோருக்கும் அவர் அக்கா.

ஒரு டைரக்டரிடம் என்னை இழுத்துக்கொண்டு போய், “இவனை வில்லனாப் போடுங்க. பாட வேண்டாம். ரெண்டு வார்த்தைக்கு மேல பேசவும் வேண்டாம். அதிகமாப் பேசுற வில்லனுக்கு எவன் பயப்படுறான்?” என்றார். டைரக்டருக்கு அது சரியாகப் பட்டது.

அந்த இரண்டு வார்த்தையும் ஒழுங்காக வர வேண்டுமே. சாப்பாட்டு நேரத்தில் அக்கா என்னை எதிரே உட்கார வைத்துக்கொண்டு, “உப்பைக் கேளு. நாடகத் தமிழ்ல கேளு” என்பார். “உப்பினைத் தருவீர்களா?” என்று கேட்டால்தான் உப்பு வரும். தப்பாகக் கேட்ட நாட்களில் உப்பில்லாமல் சாப்பிட்டிருக்கிறேன். அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. யாராவது ஒரு தடவை வாசித்துக் காட்டினால் போதும், பக்கம் பக்கமாக அப்படியே நிற்கும். எங்கள் வசனத்தையும் சேர்த்து அவரே மனசில் வைத்திருப்பார். நாங்கள் தடுமாறினால் உதட்டை அசைக்காமல் எடுத்துக் கொடுப்பார்.

இப்படிச் சில வருஷங்கள் போயின. யுத்தம் வந்தது. பிலிம் கிடைக்காமல் போயிற்று. இன்று நீங்கள் ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுக்கிறீர்கள். அன்று ஒவ்வோர் அடியையும் கஞ்சன் போலச் செலவழித்தோம். அந்தக் காலத்தில்தான் முத்துக் குளிக்கிறவர்களின் கதை ஒன்றை எடுக்கத் தூத்துக்குடிக்குப் போனோம். நான் ஈவிரக்கமில்லாத வள்ளச் சொந்தக்காரன். அக்கா, என்னால் மகனைக் கடலில் பறிகொடுத்த தாய். கரையில் என் எதிரே நின்று அவர் சாபம் இடுகிற காட்சிதான் படத்தின் உயிர். நீளமான வசனம்.

ரயிலிலேயே எனக்கு ஏதோ சரியில்லை என்று பட்டது. “மணியாச்சி வந்துட்டுதா தம்பி?” என்று அக்கா கேட்டார். இன்னும் வரவில்லை என்றேன். கொஞ்ச நேரம் கழித்து அதையே கேட்டார். மறுபடியும் கேட்டார். முதல் தடவை கேட்பது போலவே முகம் இருந்தது. ஊருக்கு வந்த பிறகு ஒரு நாள் அக்கா என்னை வேறு யாரோ ஒருவரின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். அது அவரோடு நாடகத்தில் நடித்து, எப்போதோ இறந்துபோனவரின் பெயர் என்று பிறகு தெரிந்தது.

படப்பிடிப்பு அன்று காலையில் அவரே சொன்னார்.

“தம்பி, வசனம் தொண்டை வரைக்கும் வருது. அப்புறம் எங்கேயோ போயிடுது.”

“வெயில்க்கா. தூக்கமும் இல்ல.”

“வெயில்ல நின்னுதானே இத்தனை காலம் நாடகம் போட்டோம்?” என்று சிரித்தார். பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டார். “படத்து முதலாளி ஏற்கெனவே வேற ஒருத்தியைப் பத்தி விசாரிக்கிறாராம். யார்கிட்டயும் சொல்லிடாதே. வேஷம் இல்லைன்னா நான் யாருன்னு எனக்கே தெரியாது.”

சொல்ல மாட்டேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

கரையில் ஊரே கூடியிருந்தது. கயிறு கட்டி நிறுத்தியிருந்தார்கள். கயிற்றுக்கு அந்தப் பக்கம் உப்பளத்து ஆட்கள், துறைமுகத்துக் கூலிகள், மீன் கூடையோடு பெண்கள். அவர்கள் நடுவில் வெள்ளைச் சட்டை போட்டு, குடை பிடித்துக்கொண்டு என் அப்பா நின்றார். நான் கூப்பிடவில்லை. கடைக்கு வருகிறவர்கள், “ஒம்ம மவன் நடிக்கான், நீரு இங்கன இருந்து புளி நிறுக்கீரே” என்று கேலி பேசிக் கிளப்பிக்கொண்டு வந்திருந்தார்கள். என் தொழிலை அவர் கண்ணால் பார்க்க வந்தது அன்றுதான். ராஜா முன்னால் நடிப்பது அதைவிடச் சுலபமாக இருந்திருக்கும்.

டைரக்டர் எங்களைக் கூப்பிட்டார். “இந்தக் காட்சிக்குப் பிலிம் இவ்வளவுதான். ஒரு தடவை எடுக்கலாம். தப்பாப் போனா இன்னொரு தடவை. அதுக்கு மேல என்கிட்ட கிடையாது. பார்த்துக்குங்க” என்றார்.

கேமரா ஓடத் தொடங்கியது. அக்கா நடந்து வந்தார். “என் பிள்ளையைக் கேட்டு வந்திருக்கிறேன்” என்று ஆரம்பித்தார். உடம்பு சிலிர்த்துவிட்டது. கயிற்றுக்கு அந்தப் பக்கம் ஒரு சத்தமில்லை. நாலைந்து வரி அப்படிப் போயிற்று. பிறகு நிறுத்தினார்.

பார்த்தவர்கள் எல்லோரும் அதை நடிப்பு என்றே நினைத்தார்கள். டைரக்டர் சந்தோஷத்தில் கையைப் பிசைந்துகொண்டிருந்தார். அக்காவின் எதிரே, மூச்சுப் படும் தூரத்தில் நின்றவன் நான் ஒருவன்தான். அந்தக் கண்ணை நான் பார்த்தேன். மகனைக் கொன்றவனைப் பார்க்கிற கண் அது இல்லை. முன்பின் தெரியாத ஓர் ஆளின் எதிரே தன்னை யார் கொண்டுவந்து நிறுத்தினார்கள் என்று புரியாமல் பார்க்கிற கண். வாய் லேசாகத் திறந்தது. ‘நீங்க யாரு?’ என்று கேட்கப் போகிறார் என்று எனக்கு நிச்சயமாகத் தெரிந்தது. மைக் தலைக்கு மேல் இருந்தது. முதலாளி குடையின் கீழ் நாற்காலியில் இருந்தார்.

எடுத்துக் கொடுக்கலாம். மைக்கில் விழும், எல்லோருக்கும் தெரிந்துவிடும். பேசாமல் நிற்கலாம். அவர் கேட்டுவிடுவார். யோசிக்க அவ்வளவுதான் நேரம். நான் முந்திக்கொண்டு, அங்கே வர வேண்டாத என் வசனத்தை உளறினேன். அதையும் பாதியில் விழுங்கிவிட்டு, பின்னால் நகர்ந்து நங்கூரக் கயிற்றில் காலைக் கொடுத்து மல்லாக்க விழுந்தேன்.

“கட்!”

ஊரே சிரித்தது. “அண்ணாச்சி மவன் பேச்ச முழுங்கிட்டாம்லே!” என்று ஒருவன் கத்தினான். டைரக்டர் ஓடி வந்தார். பொதுவாக அமைதியான மனிதர். அன்று அவர் வாயில் வராத வார்த்தை இல்லை. “ஊமைப்படத்துக்காரனைப் பேச வெச்சா இதுதான்யா கதி! அந்த அம்மா உயிரைக் குடுத்து நடிக்கிறாங்க, நீ நடுவுல வந்து விழறியே! இந்தப் பிலிமுக்கு நான் எங்கே போவேன்?” என்று கத்தினார். முதலாளி நாற்காலியிலிருந்து எழுந்து நின்றுவிட்டார்.

நான் கூட்டம் நின்ற பக்கம் பார்த்தேன். அப்பா குடையை மடக்கினார். கூட்டத்தை விலக்கிக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் போனார். எழுந்து பின்னால் ஓடி, “அப்பா, நான் மறக்கலப்பா” என்று சொல்லிவிடலாம்போல் இருந்தது. சொன்னால் அடுத்த கேள்வி என்ன வரும் என்று தெரியும். வாயை மூடிக்கொண்டேன்.

“கால் பிசகிட்டுது சார். கொஞ்ச நேரம் குடுங்க” என்று மட்டும் கேட்டேன். டைரக்டர் வெற்றிலைப் பெட்டியைத் தூக்கி மணலில் எறிந்துவிட்டு, அவகாசம் கொடுத்தார்.

நொண்டிக்கொண்டே போய் வள்ளத்தின் நிழலில் உட்கார்ந்தேன். அக்கா பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். தண்ணீர் குடித்தார். நிதானத்துக்கு வந்திருந்தார்.

“நான் எங்கே விட்டேன்?”

“நீங்க எங்கக்கா விட்டீங்க? நாந்தான் விழுந்தேன்.”

“என்கிட்டயே நடிக்கிறியா?” என்றார். கண்ணில் நீர் நிறைந்தது. “உங்க அப்பா வந்திருந்தாராமே. மேக்கப் போடுற பையன் சொன்னான்.”

நான் குனிந்து கணுக்காலைத் தேய்த்துக்கொண்டேன்.

தம்பிகளே, தங்கைகளே, இந்த இடத்தைத்தான் நான் பல தடவை நினைத்துப் பார்த்திருக்கிறேன். விழுந்தது பெரிய காரியமில்லை. அது உடம்பு செய்த காரியம். அடுத்து என்ன செய்வது என்பதுதான் கஷ்டம். மிச்சமிருப்பது ஒரு தடவைக்கான பிலிம். அக்கா மறுபடியும் நிற்பார், நிச்சயமாக நிற்பார். நான் மறுபடியும் விழலாமா? இத்தனை பேர் வேலை செய்கிறார்கள். கேமராக்காரர் முழங்கால் தண்ணீரில் நின்றுகொண்டிருக்கிறார். ஒருவரைக் காப்பாற்ற ஒரு ஷாட்டைக் கெடுக்கலாம். இரண்டாவதையும் கெடுத்தால், அவரைக் காப்பாற்றுகிறேன் என்ற பெயரில் எல்லோருடைய சோற்றிலும் மண்ணைப் போடுகிறேன் என்று அர்த்தம். என் பொய் எங்களுக்குக் கொஞ்சம் அவகாசம் வாங்கிக் கொடுத்திருந்தது. அதற்கு மேல் அதற்கு வேலை இல்லை.

“அக்கா, டைரக்டர்கிட்ட சொல்லிடலாம். முதலாளிக்கு வேண்டாம். அவருக்கு மட்டும்.”

“வாக்குக் குடுத்தியே.”

“அதனாலதான் உங்ககிட்ட கேக்கேன். நான் சொல்ல மாட்டேன். நீங்க சொன்னா கூட நிப்பேன்.”

அக்கா கடல் பக்கம் திரும்பிக்கொண்டார். தூரத்தில் ஒரு தோணி பாய் விரித்துப் போய்க்கொண்டிருந்தது. “சரி, எழுந்திரு” என்றார்.

டைரக்டர் தனியாக நின்று சுருட்டுப் பிடித்துக்கொண்டிருந்தார். அக்கா நேராகப் போய், “அய்யா, இவன் தப்புப் பண்ணலை. எனக்கு மறதி வந்துடுச்சு. இன்னிக்கு நேத்து இல்லை, கொஞ்ச நாளாவே. என்னை மாத்திக்குங்க. ஆனா காரணம் வெளியில சொல்லாதீங்க” என்றார். ஒரு வார்த்தை தடுமாறவில்லை.

டைரக்டர் என்னைப் பார்த்தார். அக்காவைப் பார்த்தார். சுருட்டு அணைந்துபோனதுகூடத் தெரியாமல் நின்றார். பிறகு, “எது வரைக்கும் வருதும்மா?” என்று கேட்டார்.

“முதல் நாலு வரி வரும். எப்பவும் அது நிக்குது.”

“அதுக்கப்புறம்?”

“என்ன செய்யணும்னு தெரியும்யா. என்ன பேசணும்னுதான் தெரியலை.”

“பேச வேண்டாம்” என்றார் டைரக்டர். “உங்க பிள்ளையை இவன் கொன்னுட்டான். வார்த்தை தீர்ந்துபோச்சு. நீங்க என்ன செய்வீங்களோ அதைச் செய்யுங்க. நான் கேமராவை நிறுத்த மாட்டேன்.” என் பக்கம் திரும்பினார். “நீ அசையாம நில்லு. என்ன ஆனாலும் சரி.” கொஞ்சம் தயங்கிவிட்டு, “உன்னைக் கண்டபடி பேசிட்டேன். எல்லார் முன்னாலயும் சொல்லிடட்டுமா?” என்றார்.

“வேண்டாம் சார். சொன்னா எதுக்குன்னு கேப்பாங்க” என்றேன்.

இரண்டாவது தடவை கேமரா ஓடியது. அக்கா வந்தார். நாலு வரி பேசினார். நிறுத்தினார். இந்தத் தடவை அந்தக் கண் என்னை விட்டு எங்கும் போகவில்லை. நான் யார் என்று அதற்கு நன்றாகத் தெரிந்திருந்தது. கொண்டையை அவிழ்த்துவிட்டார். குனிந்து இரண்டு கையாலும் மண்ணை வாரி என் முகத்தில் தூற்றினார். மறுபடி குனிந்தார், மறுபடி தூற்றினார். சத்தமே வரவில்லை. அவர் மூச்சு மட்டும் கேட்டது. என் கண்ணெல்லாம் மணல். எரிச்சலில் உயிர் போயிற்று. நின்றேன்.

அப்போது கயிற்றுக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு குரல் வந்தது. “ஏளா, விடாத! வாரித் தூத்து! இவன் வெளங்குவானா?” கூடையைக் கீழே போட்டுவிட்டு மீன் விற்கிற ஒரு பெண் கயிற்றைத் தாண்டி ஓடி வந்தாள். அவளும் ஒரு பிடி மண்ணை அள்ளி என் மேல் வீசினாள். பிறகு, தளர்ந்து சாயப் போன அக்காவைத் தோளோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள். “அழாத ஆத்தா. நான் இருக்கேம்லா” என்றாள். இதையெல்லாம் எனக்குப் பிறகு படத்தில் பார்த்துத்தான் தெரியும். அப்போது கண் திறக்க முடியவில்லை. குரல் மட்டும் கேட்டது. அந்தப் பெண்ணுக்கும் கடலில் போன ஒரு பிள்ளை இருந்தான் என்று சாயங்காலம் யாரோ சொன்னார்கள்.

டைரக்டர் கட் சொல்லவில்லை. பிலிம் தீர்ந்து கேமரா சடசடவென்று அடித்துக்கொண்ட பிறகுதான் எல்லோருக்கும் உயிர் வந்தது. வசனம் எழுதியவர் மட்டும், “நான் எழுதினது எங்கேய்யா போச்சு?” என்று கேட்டுக்கொண்டு சுற்றி வந்தார்.

படம் ஓடியது. அந்தக் காட்சியைப் பற்றி ஊர் ஊராகப் பேசினார்கள். டைரக்டர் கடைசி வரை வாயைத் திறக்கவில்லை. அதற்குப் பிறகும் தன் படங்களில் அக்காவுக்கு வேஷம் கொடுத்தார். நிலைப்படியில் நிற்கிற தாய், ஜன்னலில் காத்திருக்கிற தாய், வசனமே இல்லாத வேஷங்கள். அவரே விலகிக்கொள்கிற வரைக்கும் அவரை யாரும் விலக்கவில்லை. கடைசி நாட்களில் மதுரையில் தங்கை மகள் வீட்டில் இருந்தார். நான் போய்ப் பார்த்தபோது என்னைத் தெரியவில்லை. ஆனால் உட்காரச் சொன்னார், காப்பி கொடுக்கச் சொன்னார். வந்தவனை வரவேற்கும் அந்த ராணியின் தோரணை அப்படியே இருந்தது.

எனக்கு அந்த நாள் ஒரு பெயரை வாங்கிக் கொடுத்தது. ‘அவன் வசனம் மறப்பான்யா, ஷாட்டுல விழுந்துடுவான்.’ மெட்ராஸில் அது எனக்கு முன்னால் போய்ச் சேர்ந்திருந்தது. சில நல்ல வேஷங்கள் அதனால் கைநழுவின. வருத்தம் இல்லை என்று சொன்னால் பொய். ஆனால் மறுபடி அதே இடத்தில் நிறுத்தினால் அதே கயிற்றில்தான் விழுவேன். உங்கள் எதிரே நின்று நடிக்கிறவரின் கண்ணைப் பாருங்கள். கேமராவுக்குத் தெரியாதது உங்களுக்குத் தெரியும். தெரிந்தவன் ஏதாவது செய்துதான் ஆக வேண்டும்.

அன்று சாயங்காலம் நடந்ததைச் சொல்லிவிட்டு எழுந்துகொள்கிறேன்.

படப்பிடிப்பு முடிந்து கண்ணைக் கழுவிக்கொண்டு வீட்டுக்குப் போனேன். அப்பா கடையைச் சீக்கிரமே சாத்திவிட்டு வந்திருந்தார். அவர் கடையைச் சீக்கிரம் சாத்திய நாளை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. என்ன சொல்லப் போகிறாரோ என்று வாசலிலேயே நின்றேன். இரண்டாவது தடவை எடுத்ததை அவர் பார்க்கவில்லை. அவர் பார்த்ததெல்லாம், தன் மகன் ஊர் முன்னால் உளறி விழுந்ததையும், எல்லோரும் சிரித்ததையும்தான்.

“ஏலே தங்கராசு, வா. உள்ள வந்து காலை நீட்டு” என்றார்.

நான் புரியாமல் விழித்தேன். அடுப்பிலிருந்து அம்மா ஒரு கிண்ணத்தைக் கொண்டுவந்து வைத்தாள். சூடான நல்லெண்ணெய். நடுவில் கிளம்பிப் போனவர், கடையைச் சாத்தின கையோடு வீட்டுக்கு வந்து எண்ணெய் காய்ச்சச் சொல்லியிருக்கிறார்.

“எந்தக் கால்ல பிசகிட்டு?”

எனக்கு எந்தக் காலும் பிசகவில்லை. சொல்ல வாயெடுத்தேன். அக்காவின் முகம் நினைவுக்கு வந்தது. “வலது கால்ப்பா” என்றேன்.

அப்பா கீழே உட்கார்ந்தார். என் காலை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். எனக்கு விவரம் தெரிந்த நாளிலிருந்து அவர் என்னைத் தொட்ட ஞாபகம் இல்லை. உள்ளங்கையில் எண்ணெயை எடுத்துக் கணுக்காலில் வைத்து அழுத்தித் தேய்த்தார். மூட்டை தூக்கிக் காய்த்த கை.

“சிரிக்கவன் சிரிச்சிட்டுப் போறான்” என்றார், காலைப் பார்த்தபடியே. “தராசு தவறாத கடை எங்கன இருக்கு? நாளைக்குப் பாத்துப் பேசு, போதும்.” பிறகு விரலால் ஓரிடத்தில் அழுத்தினார். “இங்கனயா வலிக்கி?”

“கொஞ்சம் கீழப்பா” என்றேன்.